இடுப்பு வலி, வலப்பக்கம், நான்கு மாதமாக

"அசையாதீங்க! அப்படியே நில்லுங்க!"

இரணியல் ரயில் நிலையத்தில் ஜூன் மாத மழை பொத்துக்கொண்டு ஊற்றியது. தோழி ரெனிஷாவை வண்டியேற்றிவிட்டுத் திரும்பிய நந்தனா, நடைமேடையின் நட்ட நடுவில் ஒரு வாலிபன் இரண்டாக மடிந்து நிற்பதைப் பார்த்தாள். ஒரு கை இடுப்பில், மறு கை ஒரு தகரப் பெட்டியின் பிடியில். போதாக்குறைக்கு, கூரை ஒழுகுகிற இடமாகப் பார்த்து நின்றிருந்தான். தலைமுடியிலிருந்து தண்ணீர் சொட்டுச் சொட்டாக மூக்கு நுனிக்கு வந்து விழுந்துகொண்டிருந்தது.

நந்தனா தன் நீலக் குடையை அவன் தலைக்கு மேல் பிடித்தாள்.

"எந்தப் பக்கம்?"

"என்னது?"

"வலி... வலமா, இடமா?"

"வலம்..."

"காலுக்கு இறங்குதா?"

"இல்ல."

"முந்தி எப்பமாவது இப்படிப் பிடிச்சிருக்கா?"

"ஏங்க, நான் உயிர் போற வலியில நிக்கேன். நீங்க பரீட்சை வைக்கிறிய! வெறும் இடுப்பு வலி... விடுங்க."

"வெறும் இடுப்பு வலின்னு ஒண்ணு கெடையாது," என்றாள் நந்தனா. "பெட்டியில என்ன?"

"புத்தகம்."

"முட்டு மடக்கித் தூக்கினியளா, இல்ல இடுப்ப மட்டும் வளைச்சுத் தூக்கினியளா?"

அவன் பார்வை பெட்டிக்குப் போயிற்று.

"பாத்தாலே தெரியுது. படிச்ச ஆளு மாதிரி இருக்கிய... இது தெரியாதா?"

அவன் தரையைப் பார்த்தபடியே கேட்டான். "நீங்க டாக்டரா?"

"இல்ல."

"நர்ஸா?"

"இல்ல. கோடர். டாக்டர் எழுதுற நோய்க்கு நம்பர் போடுற ஆளு. ஒவ்வொரு நோய்க்கும் ஒரு நம்பர் உண்டு. உங்களுக்குள்ளது எம் 54.5. கீழ் முதுகு வலி."

"நம்பர் தெரிஞ்சா வலி போயிருமா?"

"போகாது. ஆனா, ஒங்க வலி என்ன வலின்னு முகம் பாக்காதவனுக்கும் தெரியும்."

அப்போதுதான் அவன் மெல்லத் தலையை நிமிர்த்திப் பார்த்தான். நனைந்த இமைகள்... வலியிலும் சிரிப்பை அடக்கிக்கொண்டிருந்த கண்கள்... நந்தனாவுக்கு அடுத்த கேள்வி மறந்தே போயிற்று. கேள்வி கேட்பதையே பிழைப்பாகக் கொண்டவளுக்கு இப்படி ஒன்று நடந்ததேயில்லை. மழை மட்டும் தன்பாட்டுக்குப் பெய்துகொண்டிருந்தது.

"குடையப் பிடிச்சுக்கிட்டு பைய நிமிருங்க," என்றாள் சமாளித்து.

"எனக்கம்மோ..!" என்று அலறினான் அவன்.

"ஓ... நம்ம ஊருதானா!" என்று அவள் வாய்விட்டுச் சிரித்தாள்.

அவன் முகம் சிவந்தது. சுமைக்காரர் ஒருவர் பெட்டியை எடுத்துக்கொள்ள, பேர் சொல்லாமல், நன்றி சொல்லாமல் ஆட்டோவில் ஏறிப் போய்விட்டான். அவளுடைய நீலக் குடையோடு. தொப்பலாக நனைந்து வீடு போய்ச் சேர்ந்தபோதும், அவளுக்கு ஏனோ கோபம் வரவில்லை.

தக்கலைக்குப் பக்கத்திலுள்ள ஒரு தனியார் மருத்துவமனையில்தான் நந்தனாவுக்கு வேலை. மறுநாள் காலை, நிர்வாகி குமாரதாஸ் ஒரு கட்டு நோயாளிச் சீட்டுகளை அவள் மேசையில் வைத்தார்.

"புது எலும்பு டாக்டர் வந்தாச்சு பிள்ள. மதுரையில படிச்சவரு. பெரிய கெட்டிக்காரராம். போய் அறிமுகம் ஆயிக்க."

கதவைத் தட்டி உள்ளே போனவளின் கண்ணில் முதலில் பட்டது, ஜன்னல் கொக்கியில் தொங்கிய நீலக் குடை. அதற்குக் கீழே, இடுப்பில் பட்டை கட்டிக்கொண்டு, கோல் விழுங்கியவன் போல விறைப்பாக உட்கார்ந்திருந்தான் அவன். மேசையின் மேல் பெயர்ப்பலகை: டாக்டர் சிவபிரசாத். முதுகெலும்பு சிறப்பு மருத்துவர்.

நந்தனா உதட்டைக் கடித்துக்கொண்டாள். ஆனைக்கும் அடி சறுக்கும் என்பது சரிதான். அதற்காக நடைமேடையின் நடுவிலா?

"நேத்தே சொல்லியிருக்கலாமே சார்..."

"எத?"

"முதுகெலும்பு டாக்டர்னு."

"அந்தக் கோலத்துல எப்படிங்க சொல்ல?" என்றான் பரிதாபமாக. அடக்கி வைத்த சிரிப்பு இருவருக்கும் ஒரே நேரத்தில் வெடித்தது.

"செரி... எனக்கக் குட?"

"மழை நிக்கட்டும். தாறேன்."

அந்த வருடம் மழை நிற்கவேயில்லை. அல்லது, குடையைத் திருப்பித் தர அவன் நினைக்கவில்லை.

சிரித்துப் பேசுகிற மனுசன், எழுத்தில் மட்டும் மகாக் கஞ்சன். இடுப்பைப் பிடித்துக்கொண்டு வருகிற அத்தனை பேரின் சீட்டிலும் மூன்றே எழுத்துதான்: எல்.பி.பி. கீழ் முதுகு வலி என்பதன் ஆங்கிலச் சுருக்கம். மீன் கூடை சுமந்தவளுக்கும் எல்.பி.பி., பஸ் ஓட்டுகிறவருக்கும் எல்.பி.பி.

கோடரின் வேலையில் ஒரு கண்டிப்பு உண்டு. டாக்டர் எழுதாததைக் கோடர் சேர்க்கக் கூடாது. சந்தேகம் வந்தால் மஞ்சள் சீட்டில் கேள்வி எழுதி அனுப்பலாம். ஆனால் பதிலைக் கேள்விக்குள்ளேயே வைத்து ஊட்டிவிடக் கூடாது. 'இன்ன நோய்தானே?' என்று கேட்டால் யாரும் 'ஆமாம்' என்று தலையாட்டிவிட்டுப் போவார்கள். ஆகவே நந்தனா எப்போதும் ஒரே மாதிரிதான் கேட்பாள்: வேறு ஏதேனும் கண்டறிந்தீர்களா? இருந்தால் குறிப்பிடவும்.

ஒரு நாள் ஒன்பது மஞ்சள் சீட்டு போயிற்று. பத்தாவதற்கு அவனே இறங்கி வந்துவிட்டான்.

"இதுல என்ன தப்பு? 'டிஸ்க் விலகல் இருக்கலாம்'னு எழுதியிருக்கேன்லா?"

"இருக்கலாம், ஒருவேளை, சந்தேகம்... வெளிநோயாளிச் சீட்டுல இதொண்ணையும் நாங்க எடுக்குறதில்ல சார். உண்டுன்னா உண்டு. இல்லைன்னா வலி மட்டும்தான்."

"பயங்கரமான ஆளுங்க நீங்க."

"குடையத் திருப்பித் தராத ஆள விடவா?"

மாலையில் கேன்டீனில் சாயா குடிக்கும்போது இரண்டு பேரும் எதிரெதிரே உட்காருவது எப்படியோ வழக்கமாகிவிட்டது. யாரும் யாரையும் அழைக்கவில்லை. ஆனால் ஒருவர் வரும் வரை மற்றவர் சாயா வாங்கியதுமில்லை.

ஆகஸ்டில்தான் அந்தப் பிரச்சினை வந்தது.

சுயம்புராஜ் மலையோரத் தோட்டத்தில் ரப்பர் பால் வெட்டுகிறவர். காப்பீட்டுச் சீட்டை நீட்டிக்கொண்டு கவுண்டரில் நின்றவரின் வலது காலை நந்தனா பார்த்தாள். செருப்பைப் பாதத்தோடு சேர்த்து ரப்பர் வாரால் கட்டியிருந்தார்.

"இதென்ன அண்ணாச்சி, செருப்பக் கெட்டிப் போட்டிருக்கிய?"

"நடக்கும்ப கழண்டு போகுது மக்ளே. கழண்டதும் தெரியமாட்டேங்கு. பத்தடி போயித் திரும்பிப் பாத்தா, செருப்பு பின்னால கெடக்கு. இந்த நடுவு வலி, இடுப்பு வலி வந்த பொறவுதான் இப்பிடி."

பாதம் பலமிழக்கிறது என்பது நந்தனாவுக்குப் புரிந்தது. ஆனால் அவள் கண்ட செருப்புக்கு நம்பர் கிடையாது. சீட்டைப் பார்த்தாள். எல்.பி.பி.! உடனே மஞ்சள் சீட்டு அனுப்பினாள். அன்றைக்கு எண்பது நோயாளிகள். பதில் கிறுக்கலாக வந்தது: எல்.பி.பி. மட்டும்.

அவருக்கு ஸ்கேன் எடுத்துப் பார்த்த அன்று சாயா குடிக்கும்போது அவனே சொன்னான். "அந்த சுயம்புராஜுக்கு டிஸ்க் பிதுங்கி நரம்ப நசுக்குது நந்தனா. பாதம் தொங்க ஆரம்பிச்சாச்சு. சீக்கிரம் ஆபரேஷன் பண்ணணும்." சொன்னான்... எழுதவில்லை. ஸ்கேனுக்குப் பிறகு வந்த சீட்டிலும் அதே மூன்று எழுத்து. அதற்கு அனுப்பிய மஞ்சள் சீட்டும் பதிலில்லாமல் கிடந்தது. அவசரத்தில் ஆபரேஷனுக்கான காப்பீட்டு விண்ணப்பம் எம் 54.5 என்றே போனது. மூன்றாம் நாள் காப்பீட்டிலிருந்து மறுப்பு வந்தது. வெறும் இடுப்பு வலிக்கு அறுவை சிகிச்சை எதற்கு என்று கேட்டிருந்தார்கள்.

குமாரதாஸ் பதறினார். "டிஸ்க் நம்பர மாத்திப் போடு பிள்ள. எல்லாருக்கும் தெரிஞ்ச விசயம்தானே?"

"டாக்டர் எழுதல சார். போட மாட்டேன்."

சிவபிரசாத் வேகவேகமாக வந்தான். "நான் ஒங்ககிட்ட கேன்டீன்ல சொன்னேனே!"

"சாயா குடிச்சுக்கிட்டு சொன்னது ரெக்கார்டு இல்ல சார். சட்டியில இருந்தாத்தான் அகப்பையில வரும்."

அலுவலகமே திரும்பிப் பார்த்தது. அவன் முகம் கறுத்தது. "ஒரு நம்பருக்காக ஒரு மனுசன வலியோட காக்க வைக்கிறிய நந்தனா."

சுருக்கென்றது அவளுக்கு. ஆனாலும் குரலை உயர்த்தவில்லை. அவன் பதில் எழுதிய மஞ்சள் சீட்டை எடுத்து மேசையில் வைத்தாள். "காக்க வச்சது நம்பர் இல்ல சார்... இது."

அவன் அதைப் பார்த்தான். தன் கையெழுத்து, தன் அவசரம். அந்தச் சீட்டை எடுத்துக்கொண்டு வெளியே போனான். நந்தனா கணினியைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். திரையில் எதுவும் தெரியவில்லை. கண்ணில் நீர் கோத்திருந்தது. சொன்னது சரிதான்... சரியாகச் சொன்னதற்கு ஏன் இப்படி வலிக்கிறது?

ஒரு மணி நேரத்தில் அவன் திரும்பி வந்தான். சுயம்புராஜை வரவழைத்து, குதிகாலால் நடக்கவிட்டுப் பார்த்து, ஒரு முழுப் பக்கம் எழுதியிருந்தான். எந்த டிஸ்க், எந்த நரம்பு, பாதத்தின் பலம் எவ்வளவு... எல்லாமே குண்டு குண்டான எழுத்தில். பழைய தாளைத் திருத்தவில்லை. கீழே அன்றைய தேதிதான் போட்டிருந்தான்.

"தப்பு எனக்கது," என்றான், குமாரதாஸ் கேட்க, எல்லோரும் கேட்க. "நந்தனா கேட்டாங்க. நான்தான் எழுதல."

எத்தனையோ டாக்டர்களைப் பார்த்திருக்கிறாள் நந்தனா. தப்பு என்னுடையது என்று நாலு பேர் முன்னால் சொன்னவரை அன்றைக்குத்தான் பார்த்தாள். டிஸ்க்குக்கு எம் 51.1, தொங்கும் பாதத்துக்கு எம் 21.3 என்று நம்பர்களைத் தட்டி அனுப்பினாள். இரண்டாம் நாள் அனுமதி வந்தது. அந்த வாரமே ஆபரேஷனும் முடிந்தது.

அதன் பிறகு அவனுடைய சீட்டுகளில் எல்.பி.பி. வரவில்லை. நிறைய எழுதினான். ஆனால், விசித்திரம் பாருங்கள்... பேச்சு குறைந்துவிட்டது. சாயாவுக்கு வருவான். பார்ப்பான். அவள் நிமிர்ந்தால் தம்ளருக்குள் பார்ப்பான். அந்தக் கண்கள் சொல்வதெல்லாம் அவளுக்கு வரி வரியாகப் புரிந்தது. வாய்தான் திறக்கவில்லை. வாயுள்ள பிள்ளை பிழைக்கும் என்பார்கள்... இந்தப் பிள்ளை எப்படிப் பிழைக்கும்?

அக்டோபரில் அம்மா பேச்சை எடுத்தாள். "குவைத்துல கணக்கு வேல பாக்கான். மார்த்தாண்டத்துல சொந்த வீடு. ஞாயிற்றுக்கிழமை பாக்க வரட்டான்னு கேக்காங்க."

நந்தனா மறைக்கவில்லை. "ஒருத்தர் இருக்காரும்மா."

"அவரு என்ன சொன்னாரு?"

"ஒண்ணும் சொல்லல."

"பொறவு ஒனக்கு எப்பிடித் தெரியும்?"

"தெரியும்."

அம்மா அகப்பையைக் கீழே வைத்தாள். "ஏட்டி, எழுதாதத எடுக்க மாட்டேன்னு ஊரு பூரா சொல்லிட்டு நடக்கியே... ஒனக்கு மட்டும் தனிச் சட்டமா?"

அம்மா கோடிங் படித்திருந்தால் எங்கேயோ போயிருப்பாள்.

"சனிக்கிழமை விளக்கு வைக்கிற நேரம் வரை பாப்பேன். அதுக்குள்ள அவரு வாயத் தொறந்தா செரி. இல்லைன்னா, நான் இவங்கள வரச் சொல்லுவேன். நீயும் மொகத்தத் தூக்கி வைக்கப்பிடாது."

"செரிம்மா," என்றாள். வாக்கு வாக்குத்தான்.

வெள்ளிக்கிழமை சாயா. "ஞாயிற்றுக்கிழமை என்னப் பொண்ணு பாக்க வாறாங்க சார்," என்றாள். அவ்வளவுதான். கேள்வியாகக் கேட்கவில்லை. பதிலை ஊட்டவும் இல்லை.

அவன் தம்ளர் பாதி வழியில் நின்றது. "ஓ... நல்லது." வெளியே மழை வலுத்தது. "நந்தனா... எனக்கு... ஒருவேளை..."

அவள் தம்ளரைக் கீழே வைத்தாள்.

"ஒருவேளை... நாம ரெண்டு பேரும்... இருக்கலாம்னு..."

"ஒருவேளை, இருக்கலாம்... ரெண்டையும் நாங்க எடுக்குறதில்ல சார்," என்றாள். சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். பாதி சாயாவை அப்படியே விட்டுவிட்டு எழுந்து வந்தாள்.

சனிக்கிழமை மத்தியானம் ஒரு மஞ்சள் சீட்டை எடுத்து, 'உங்களுக்கு என்னைப் பிடித்திருக்கிறதா?' என்று எழுதினாள். எழுதியதை ஒரு நிமிடம் பார்த்தாள். பதிலை உள்ளே வைத்த கேள்வி! 'ஆமாம்' என்று அவன் சொல்லலாம்... அவள் கேட்டாள் என்பதற்காகச் சொல்லலாம். அப்படிக் கிடைக்கிற 'ஆமாம்' அவளுக்கு வேண்டாம். சீட்டைக் கிழித்துக் கூடையில் போட்டுவிட்டு வேலையைப் பார்த்தாள்.

நாலரை மணிக்கு அம்மா அழைத்தாள். "என்ன மக்ளே, சொல்லிரட்டா?"

"ஒரு மணிக்கூர் இரும்மா."

வெளிநோயாளிப் பிரிவு அடங்கியது. நாற்காலிகள் காலியாயின. குமாரதாஸ் பையை எடுத்துக்கொண்டார். நந்தனா கணினியை அணைக்கக் கை வைத்தபோது...

"கடைசி டோக்கன். எழுபத்திரண்டு."

கவுண்டருக்கு வெளியே, ஒரு கை இடுப்பில், மறு கையில் நீலக் குடையோடு நின்றான் சிவபிரசாத். நோயாளிச் சீட்டு ஒன்றைக் கண்ணாடித் திறப்பு வழியாக உள்ளே தள்ளினான். அதே குண்டு எழுத்து.

'பெயர்: சிவபிரசாத். வயது: இருபத்தொன்பது. இடுப்பு வலி, வலப்பக்கம், நான்கு மாதமாக. காலுக்கு இறங்கவில்லை. தொடங்கிய இடம்: இரணியல் ரயில் நிலையம். காரணம்: புத்தகப் பெட்டியை முட்டு மடக்காமல் தூக்கியது. எதனால் குறைகிறது: பக்கத்தில் நின்று ஒருத்தர் அதட்டினால்.'

நந்தனாவுக்குச் சிரிப்பு முட்டியது. பக்கம் தெரிகிறது, காலம் தெரிகிறது, காரணம் தெரிகிறது. குறையே சொல்ல முடியாத சீட்டு. ஆனால் எது வேண்டுமோ அது மட்டும் இல்லை. அவள் நிதானமாக ஒரு மஞ்சள் சீட்டை எடுத்து, நான்கு மாதமாக எழுதுகிற அதே வரியை எழுதி வெளியே தள்ளினாள்.

'வேறு ஏதேனும் கண்டறிந்தீர்களா? இருந்தால் குறிப்பிடவும்.'

அவன் படித்தான். பேனாவை எடுத்தான். வைத்தான். குமாரதாஸ் வாசலில் நின்று திரும்பிப் பார்த்தார். பெருக்க வந்த செல்லக்கனி அக்கா துடைப்பத்தோடு நின்றுவிட்டாள்.

"கண்டுபிடிச்சேன்," என்றான் சிவபிரசாத். குரல் முதலில் தடுமாறி, பிறகு நிமிர்ந்தது. "சாயா குடிச்சுக்கிட்டு சொல்லல. நாலு பேரு கேக்கச் சொல்லுதேன். எனக்கு ஒங்களப் பிடிச்சிருக்கு நந்தனா. அந்த நடைமேடையில நீங்க குடை பிடிச்ச அன்னையில இருந்து. ஒருவேளை இல்ல. சந்தேகம் இல்ல. எனக்கு ஒங்களக் கெட்டணும். தப்பாச் சொன்னா திருப்பி அனுப்பிருவியளோன்னு பயந்துதான் இத்தனை நாளும் வாய மூடிக்கிட்டு நடந்தேன்."

செல்லக்கனி அக்காதான் முதலில் வாயைத் திறந்தாள். "கொள்ளாம் டாக்டரே! நல்லாருக்கு!"

நந்தனாவின் கண் நிறைந்து வழிந்தது. துடைத்துக்கொள்ளவில்லை. மஞ்சள் சீட்டை விரலால் தட்டிக் காட்டினாள். "எழுதிக் கையெழுத்துப் போடுங்க. தேதியும் போடணும்."

அவன் எழுதினான். ஒரு எழுத்தைக்கூடச் சுருக்கவில்லை. அவள் இரண்டு முறை வாசித்துவிட்டு, சீட்டை மடித்துக் கைப்பையில் வைத்தாள். போனை எடுத்தாள்.

"அம்மா... அவங்கள வர வேண்டாம்னு சொல்லிரு."

"வாயத் தொறந்தாச்சா?"

"எழுதியே தந்தாச்சும்மா. தேதி போட்டு."

"அப்பம் நாளைக்கு அவரையே வரச் சொல்லு. காலையில ஆப்பம் சுடுதேன்," என்று அம்மா போனை வைத்தாள்.

வெளியே மழை சோவென்று இறங்கியது. நந்தனா கவுண்டரை விட்டு வெளியே வந்தாள். எதிரே நின்றவனுக்குக் கையும் காலும் ஓடவில்லை. குடை கை நழுவிக் கீழே விழுந்தது. அவன் சட்டென்று குனிந்தான்.

"அசையாதீங்க!" என்று அதட்டினாள். "முட்டு மடக்கி..."

முதுகெலும்பு டாக்டர் முட்டு மடக்கி, முதுகை நேராக வைத்து, குடையை எடுத்தான். வலிக்காமல் எழுந்து நின்றான். நான்கு மாதத்துக்குப் பிறகு குடையை அவளிடம் நீட்டினான்.

அவள் வாங்கி விரித்தாள். வாசலுக்கு இரண்டு எட்டு நடந்தவள் நின்று திரும்பிப் பார்த்தாள்.

"நீங்க இன்னும் என்னக் கேக்கவே இல்லையே..."

"எத?"

"நான் ஏதாவது கண்டுபிடிச்சேனான்னு."

அவன் நிமிர்ந்து பார்த்தான். அந்தக் கண்களில் அதே இரணியல் மழை. "வேற... ஏதாவது கண்டுபிடிச்சியளா நந்தனா?"

"உண்டு," என்றாள். "எனக்கும் ஒங்களப் பிடிச்சிருக்கு. அதே தேதியில இருந்து. நீங்க 'எனக்கம்மோ'ன்னு அலறினியளே... அந்த நிமிசத்துல இருந்து."

குடையை அவன் பக்கமாகச் சாய்த்துப் பிடித்தாள். பஸ் நிறுத்தம் வரை இரண்டு பேரும் பாதி பாதி நனைந்துகொண்டே நடந்தார்கள்.